சைலன்சருக்கு வைத்த சந்தனப் பொட்டு

தீர்ப்புச் சொல்வதில் கெட்டிக்காரர் என்று நினைப்பவர்கள் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். அவசரப்பட்டால் ஏமாந்துபோவீர்கள்.

உடுமலைப்பேட்டையில் மயில்சாமியின் கார் அலங்காரக் கடையில் நாகமணி மூன்று வருடமாக ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டிருந்தாள். வண்டிக்கு அடியில் படுத்துச் செய்யும் வேலை எதையும் முதலாளி அவளிடம் விட்டதில்லை. ஆயுத பூஜைக்கு முதல் நாள் கடையில் நிற்க இடமில்லை. வேறு ஆள் கிடைக்காமல், "இதை நீயே மாட்டு. பிசகுச்சுன்னா மறுபடி ஸ்டிக்கர்தான், சொல்லிப்போட்டேன்" என்று ஒரு சைலன்சர் டிப்பைக் கொடுத்தார். புகை வரும் குழாயின் முனையில் அழகுக்காக மாட்டுகிற எவர்சில்வர் குழல் அது.

கார் தீவன வியாபாரி லோகநாதனுடையது. நாகமணி குழாய் முனையில் துருவைத் தேய்த்து எடுத்து, டிப்பைச் செருகி, அடியில் இருந்த ஒற்றை ஸ்க்ரூவை இறுக்கி, இரண்டு கையாலும் பிடித்து ஆட்டினாள். அசையவில்லை. மயில்சாமியும் இழுத்துப் பார்த்துவிட்டு ஒன்றும் பேசாமல் போனார். அவர் அகராதியில் அதுதான் பாராட்டு.

லோகநாதனின் டிரைவர் குப்புராஜ் மட்டும் குனிந்து பார்த்து, "லேசா இடப்பக்கம் சாஞ்சிருக்குதே" என்றான்.

"உங்க தலைதானுங்ண்ணா சாஞ்சிருக்குது" என்றாள் நாகமணி.

மறுநாள் மாலை லோகநாதன் வீட்டில் பூஜை. மனிதர் பொட்டு வைக்க ஆரம்பித்தால் நிறுத்த மாட்டார். ஸ்டியரிங், நான்கு சக்கரம், வைப்பர் எல்லாம் முடித்து, புது டிப்பின் நெற்றியிலும் ஈரச் சந்தனத்தை அப்பி நடுவே குங்குமம் வைத்தார். புகை கக்குகிற இடத்துக்குப் பொட்டு வைக்க அவரால்தான் முடியும். அப்போது வண்டியை எடுக்கவில்லை. விடிந்து ஆறு மணிக்கு எலுமிச்சம்பழத்தை நசுக்கிக்கொண்டு நேராகப் பழனிக்குக் கிளம்பினார்கள். லோகநாதன் பின் சீட்டில் சாய்ந்தவுடன் தூங்கிவிட்டார்.

மத்தியானம் வண்டி கடை வாசலில் வந்து நின்றது. லோகநாதனும் இறங்கினார். டிப் குப்புராஜ் கையில் இருந்தது. ஸ்க்ரூவைக் காணோம்.

"முக்கா வழி போயாச்சு. மடத்துக்குளம் தாண்டி வேகத்தடையில ஏறுனதும் டங்குனு விழுந்து ரோட்டுல உருண்டுச்சுங்க. நான்தான் ஓடிப்போய் எடுத்தேன். இந்தப் புள்ள சரியா இறுக்கலை" என்றான் குப்புராஜ்.

மயில்சாமிக்கு வாடிக்கையாளரையும் விட மனமில்லை, தன் ஆளையும் விட மனமில்லை. "ஓட ஓட சூட்டுல ஸ்க்ரூ இளகியிருக்கும். பொருள் மட்டம். வேற மாட்டித் தர்றேன்" என்று பூசி மெழுகினார். அந்தச் சமாதானம் நாகமணிக்குக் கசந்தது. யார் மேல் பழி போனாலும் நாளையிலிருந்து அவள் கையில் ஸ்டிக்கர்தான் இருக்கும் என்று அவளுக்குத் தெரியும்.

அவள் டிப்பை வாங்கி வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். ஒரு கீறல் இல்லை. சந்தனம் மஞ்சளாக, குங்குமம் சிவப்பாக, வைத்தது வைத்தபடி இருந்தது.

"இது மாட்டுனபடி மடத்துக்குளமே போகலீங்க. கடைத்தெருவைக்கூடத் தாண்டலை" என்றாள் உறுதியாக.

மூன்று பேர், மூன்று பேச்சு. இதில் யார் சொன்னது சரி? டிப் கழன்றது எங்கே?

விடை: நாகமணி சொன்னதுதான் சரி. முக்கால் வழி ஓடிய வண்டியின் புகைச் சூட்டில் சந்தனம் கருகியிருக்கும். ரோட்டில் உருண்டிருந்தால் பொட்டு உதிர்ந்து எவர்சில்வரில் கீறல் விழுந்திருக்கும். ஆகவே டிப் கழன்றது பூஜைக்குப் பின், சாவி போடுவதற்கு முன், லோகநாதனின் வீட்டு வாசலிலேயே. குப்புராஜ் தலையைச் சொறிந்துகொண்டு ஒத்துக்கொண்டான். விடியற்காலையில் சாய்வை நிமிர்த்தப் போய், ஸ்க்ரூ நழுவிச் சாக்கடையில் விழுந்துவிட்டது. லோகநாதன் வைத்த பொட்டு கலையக் கூடாதே என்று டிப்பைப் பதமாகக் கழற்றி டிக்கியில் வைத்தானாம். அந்தப் பயபக்திதான் அவனைக் காட்டிக்கொடுத்தது. மயில்சாமி ஒன்றும் பேசாமல் புது ஸ்க்ரூவையும் அடுத்த வண்டியின் சாவியையும் நாகமணியிடம் நீட்டினார். அவள் டிப்பை மாட்டி முடித்ததும், "இனிமே இதுக்குப் பொட்டு வைக்கக் கூடாதோ?" என்று லோகநாதன் தயங்கினார். "தாராளமா வையுங்க. எனக்குச் சாட்சி சொன்னதே அதுதானுங்களே" என்றாள் நாகமணி.