காவிக்கு மேல் நீலம்

கரட்டடி மடம் என்றதும் கோபுரம், யானை, தங்கத் தட்டு என்றெல்லாம் நினைத்துக்கொள்ள வேண்டாம். ஓடு போட்ட நாலு அறை, ஒரு கிணறு, பின்கட்டில் ஒரு பெரிய அடுப்பு. அவ்வளவுதான். இருந்ததும் இரண்டே பேர். குரு பெத்தண்ணசாமிக்கு நாற்பத்து நாலு வயது. சீடர் சோலையப்பனுக்கு அறுபது. சீடர் குருவை "சாமி" என்பார். குரு சீடரை "அய்யா" என்பார். புதிதாக வருகிறவர்கள் யார் காலில் விழுவது என்று தெரியாமல் இரண்டு பேருக்கும் நடுவில் விழுந்து வைப்பார்கள்.

அந்த மடத்தில் புதுத்துணி வாங்கும் பழக்கமே கிடையாது. ஊர்க்காரர்கள் கட்டிக் கழித்த வெள்ளை வேட்டிகளை மூட்டையாகக் கொண்டுவந்து போட்டுவிட்டுப் போவார்கள். காவிக்கல்லை இழைத்துக் கரைத்து, அதில் அவற்றை முக்கி எடுத்து, இரண்டை மடத்துக்கு வைத்துக்கொண்டு, மிச்சத்தை வழிப்போக்குப் பரதேசிகளுக்குக் கொடுப்பார்கள்.

முக்குவது சோலையப்பன். ஒன்பது வருடமாக அவர்தான். கிழிசல் தைத்து, அழுக்கு வெளுத்து, முக்கி, பிழிந்து, உதறி, காயப்போட்டு நிமிர்வதற்குள் அடுத்த மூட்டை வந்து உட்கார்ந்திருக்கும். இடுப்பு விட்டுப் போயிருந்தது. நகத்துக்குள் காவி. ரேகைக்குள் காவி. வெறுஞ்சோற்றைப் பிசைந்தாலும் குழம்பு ஊற்றின மாதிரி இருக்கும்.

ஒரு வியாழக்கிழமை காலையில் மைத்துனன் மூக்கையா வந்தான். ஒன்பது வருடம் கழித்து வருகிறான். கிணற்றடியில் துணி பிழிந்துகொண்டிருந்தவரைக் கும்பிடுவதா, கட்டிப்பிடிப்பதா என்று புரியாமல் செருப்பை மட்டும் கழற்றினான்.

"மச்சான்... சாமி... மச்சான்சாமி."

"மச்சான்னே கூப்பிடுடா. என்ன விஷயம்?"

"அக்காவுக்கு நாளைக்கு ஆப்பரேசன். வயித்துல கட்டியாம். பத்து மணிக்கு உள்ளே கூட்டிட்டுப் போறாங்க."

சோலையப்பன் கையில் துணி பாதி பிழிந்தபடி நின்றது.

"என்னை வரச் சொன்னாளா?"

"சொன்னா. ஆனா எப்படிச் சொன்னாளோ அப்படியே சொல்லணும்னு சத்தியம் வாங்கியிருக்கா. கோவிச்சுக்கக் கூடாது."

"சொல்லு."

மூக்கையா தொண்டையைச் செருமினான். ஒரு கையை இடுப்பில் வைத்தான். கழுத்தை ஒரு வெட்டு வெட்டினான். வாயைத் திறந்தால், அவன் அக்கா வீராயியின் குரலேதான்.

"வர்றதா இருந்தா வேட்டி சட்டையில வரட்டும். காவியோட வந்து நின்னாருன்னா, வார்டுல இருக்கிற பொம்பளைக அத்தனை பேரும் குளுக்கோஸ் பாட்டிலைக் கையில பிடிச்சுக்கிட்டு வந்து கால்ல விழுவாளுக. நர்ஸு திருநீறு கேக்கும். எனக்கு வர்ற ஆளு எனக்கு மட்டும் வரணும். சாமியாத்தான் இருப்பேன்னா அங்கேயே இருக்கட்டும். நான் கட்டில்ல இருந்தே கும்புட்டுக்கிடறேன்."

சோலையப்பன் ஒன்பது வருடத்துக்குப் பிறகு பெண்டாட்டியின் குரலைக் கேட்கிறார். அதுவும் மீசை வைத்த வாயிலிருந்து.

"நானே ஒரு வேட்டி எடுத்தாரட்டுமான்னு கேட்டேன் மச்சான். ‘அதையும் நானே துவைச்சு மடிச்சுக் குடுத்தனுப்பணுமாக்கும்?’னு ஒரு கேள்வி கேட்டா பாருங்க. வாயை மூடிக்கிட்டு வந்துட்டேன்."

சோலையப்பனின் பார்வை மைத்துனன் இடுப்புக்குப் போனது. மூக்கையா பேண்ட் போட்டிருந்தான்.

"காலையில அஞ்சு மணி பஸ்ஸை விட்டுடாதீங்க. அடுத்த பஸ்ஸுன்னா பத்து மணிக்கு மேலதான் வந்து சேருவீங்க. நான் ரத்தம் குடுக்க ஆள் பிடிக்கணும், வர்றேன்."

வந்த வேகத்தில் போயும் விட்டான்.

சோலையப்பன் மடம் முழுக்க வெள்ளைத் துணி தேடினார். மூட்டை வைக்கும் அறை காலி. வந்திருந்த கடைசி மூட்டையையும் செவ்வாய்க்கிழமைதான் அவர் கையாலேயே முக்கி முடித்திருந்தார். மடத்தில் மிச்சமிருந்த வெள்ளை, சுவரும் சுண்ணாம்பு டப்பாவும்தான்.

ஊருக்குள் போய்க் கேட்கலாம். ‘சாமிக்கு எதுக்கு வெள்ளை வேட்டி?’ என்று முதல் வீட்டிலேயே கேட்பார்கள். பதில் சொல்லி முடிப்பதற்குள் கடைசி வீடு வரைக்கும் செய்தி போய்விடும்.

குருவிடம் சொல்லலாம். சொன்னால் என்ன சொல்வார்? சோலையப்பன் மனசுக்குள்ளேயே குருவின் குரலில் பேசிப் பார்த்தார். ‘இதுக்குத்தானா அய்யா ஒன்பது வருசம்?’ அது ஒரு மாதிரி வலித்தது. ‘போங்க அய்யா, போய்ட்டு வாங்க.’ இது அதைவிட வலித்தது.

அவரிடம் இருந்தது இரண்டு வேட்டி, ஒரு அரைக்கைச் சட்டை. மூன்றும் காவி. ஏற்றத் தெரிந்தவனுக்கு இறக்கத் தெரியாதா என்று நினைத்தார்.

உச்சி வெயிலில், குரு கண்ணயர்ந்த நேரம் பார்த்து, கிணற்றுக்குப் போட வைத்திருந்த பிளீச்சிங் பவுடரை எடுத்தார். அரை டப்பாவைத் தொட்டித் தண்ணீரில் கொட்டி, ஒரு வேட்டியை உள்ளே அமுக்கினார். கண் எரிந்தது. தொண்டை கமறியது. பக்கத்திலேயே துவைகல்லில் உட்கார்ந்துகொண்டார். வெளுத்துவிடும், வெளுத்துவிடும் என்று பார்த்துக்கொண்டே இருந்தார்.

வெளுக்கவில்லை. இன்னும் கால் டப்பா போட்டார். ரொம்ப நேரம் கழித்து வேட்டியைத் தூக்கினார். நிறம் அப்படியே இருந்தது. அவருடைய ஐந்து விரலும் துணிக்கு அந்தப் பக்கம் வந்திருந்தன.

"மூக்கை அடைக்குதே. கிணத்துக்கா போட்டீங்க?"

பின்னால் குரு நின்றுகொண்டிருந்தார்.

"இல்ல சாமி."

"வேட்டிக்கா?"

"ஆமா சாமி."

குரு வேட்டியை வாங்கி விரித்துப் பிடித்தார். பெரிய ஓட்டை ஒன்று வழியாகச் சீடரின் முகத்தைப் பார்த்தார்.

"காவிக்கல்லு துரு மாதிரி அய்யா. இந்தப் பவுடர் நூலைத் தின்னும், துருவைத் தொடாது. சொல்லியிருந்தா பவுடராவது மிஞ்சியிருக்கும்."

அதற்கு மேல் மறைக்கச் சோலையப்பனுக்குத் தெம்பில்லை. மூக்கையா வந்தது, வீராயி சொன்னது, பத்து மணி, அஞ்சு மணி பஸ், எல்லாவற்றையும் சொன்னார். சொல்லும்போது அழக்கூடாது என்று நினைத்திருந்தார். அழவில்லை. அழுவதற்கும் ஒரு தெம்பு வேண்டுமே.

"நான் போகலாமா சாமி? போகக் கூடாதா?"

"கட்டியிருக்கிறதை அவுருங்க."

"சாமி?"

"துண்டைக் கட்டிக்கிட்டு வேட்டியை அவுருங்க அய்யா. சட்டையையும் எடுத்தாங்க. வெயில் இறங்குறதுக்குள்ள காயணும்."

குரு உள்ளே போய் இரண்டு சாயப் பொட்டலங்களோடு வந்தார். கார்த்திகையில் மலைக்கு மாலை போட்டவர்கள், தங்கள் வேட்டியை முக்கியது போக விட்டுவிட்டுப் போன நீலப் பொடி அது.

"முதல்ல ரெண்டையும் நல்லா சோப்புப் போட்டு அலசுங்க. வேர்வையும் எண்ணெயும் இருந்தா சாயம் திட்டுத் திட்டா நிக்கும்."

"சாமி, எனக்கு நீலம் வேண்டாம். வெள்ளை வேணும்."

"உப்பு எங்க இருக்கு?"

"அடுக்களையில, பெரிய ஜாடியில. சாமி, வெள்ளை..."

"ரெண்டு கை எடுத்தாங்க."

அடுப்பு பற்றியது. அண்டாவில் தண்ணீர் கொதித்து, நீலம் கரைந்து, உப்பு விழுந்தது. வேட்டியும் சட்டையும் உள்ளே போயின. சோலையப்பன் பழக்கத்தில் கிண்டுகோலுக்குக் கையை நீட்டினார்.

"உட்காருங்க. உங்க இடுப்புக்கு இன்னைக்கு லீவு."

சோலையப்பன் உட்கார்ந்தார். ஒன்பது வருடத்தில் அந்த அடுப்பை உட்கார்ந்துகொண்டு பார்ப்பது அதுதான் முதல் தடவை. அண்டா ‘களக் களக்’ என்றது. குரு நிறுத்தாமல் கிண்டினார். முதுகில் வேர்வை கோடு கோடாக இறங்கியது.

"போனப்ப எப்படிப் போனேனோ, அப்படியே போய் அவ முன்னால நிக்கணும்னு பாத்தேன் சாமி."

"எப்படிப் போனீங்க?"

"வெள்ளை வேட்டி. கட்டம் போட்ட சட்டை. வீராயி வாசல் தெளிச்சுக்கிட்டு இருந்தா. ‘எங்க கிளம்பியாச்சு?’ன்னா. ‘இந்தா வந்துடறேன்’னு சொன்னேன்."

"ஒன்பது வருசமா இந்தா வந்துக்கிட்டே இருக்கீங்க."

சோலையப்பனுக்குச் சிரிப்பு வந்தது. பாதியிலேயே நின்றுவிட்டது.

"எதுக்காகப் போனீங்க?"

"பெரிசா ஒண்ணுமில்ல சாமி. அசதி. விடிஞ்சா மாவு மில்லு, பொழுது அடைஞ்சா பங்காளிச் சண்டை. யார்கிட்டயும் கோவம்கூட இல்ல. ஒருநாள் பஸ் ஏறி உட்கார்ந்தேன். இறங்கத் தோணலை."

"இங்க வந்து அசதி போச்சா?"

சோலையப்பன் தன் கைகளைத் திருப்பிப் பார்த்தார்.

"இங்கயும் மூட்டை வந்துக்கிட்டேதான் சாமி இருந்துச்சு."

குரு விறகை ஒரு தள்ளுத் தள்ளினார். 

"எப்படியாவது காவியை இறக்கிட்டு..." என்று சோலையப்பன் மறுபடி ஆரம்பித்தார்.

"ஏறின துணியில இன்னொண்ணை ஏத்தலாம் அய்யா. இறக்கி வைக்கிற அடுப்பு நம்மகிட்ட இல்ல."

குரு கிண்டுகோலால் வேட்டியைத் தூக்கினார். நீராவி விலகியது. சோலையப்பன் எழுந்து வந்து பார்த்தார். முகம் தொங்கிப்போனது. காவியும் இல்லை, நீலமும் இல்லை. மழையில் ஊறின பனைமட்டை மாதிரி ஒரு பழுப்பு.

"காஞ்சா கொஞ்சம் தெளியும்" என்றார் குரு.

அலசினார்கள். ஆளுக்கொரு முனையைப் பிடித்துப் பிழிந்தார்கள். கொடியில் போட்டார்கள். சோலையப்பன் துண்டோடு கொடிக்குக் கீழே நின்று, முற்றத்தில் நிழல் நகர்வதைப் பார்த்துக்கொண்டிருந்தார். அண்டாவைக் குருவே கவிழ்த்துத் தேய்த்தார்.

"சாமி, சனிக்கிழமை மூட்டை வருமே. யார் முக்குவா?"

"அது என் இடுப்பு. நீங்க ஏன் கவலைப்படறீங்க?"

வெயில் சாயும்போது துணி காய்ந்துவிட்டது. தெளியத்தான் செய்திருந்தது, ஆனால் பழுப்பு பழுப்புதான். கிழிசல் தைத்த இடமெல்லாம் இன்னும் ஒரு படி கறுத்திருந்தது. சோலையப்பன் கட்டிப் பார்த்தார். சட்டையைப் போட்டுப் பித்தானை மாட்டினார். கிணற்றை எட்டிப் பார்த்தார். உள்ளே யாரோ ஒரு கிழவர் எட்டிப் பார்த்தார். சாமியார் இல்லை. மாவு மில்லுக்காரரும் இல்லை.

"இது என்ன கலரு சாமி?"

"எனக்குப் பேர் தெரியலை."

"இந்தக் கலருக்கு யாரும் கால்ல விழ மாட்டாங்க. அதுவரைக்கும் சரி." அவர் குரல் இறங்கியது. "ஆனா வெள்ளை வேட்டியில போனவன் இப்படிப் போய் நின்னா, ‘வீட்டைவிட்டுப் போன என் மனுசன் எங்க?’ன்னு கேப்பாளே. நான் என்ன சாமி சொல்லுவேன்?"

குரு கையில் இருந்த நீலத்தைத் தன் காவித் துண்டிலேயே துடைத்தார்.

"கேக்க மாட்டாங்க அய்யா."

"அவளை உங்களுக்குத் தெரியாது. கேப்பா."

"போன மனுசன் திரும்பி வரமாட்டார்னு அந்தம்மாவுக்குத் தெரியும். தெரிஞ்சதுனாலதான் வெள்ளைன்னுகூடச் சொல்லாம, வேட்டி சட்டையை மட்டும் கேட்டிருக்காங்க."