மண்சுவர் எழுப்பிய கோதையம்மையார்

கடலோரத்தில் உப்பளங்கள் சூழ்ந்த திருப்புற்றங்கரை என்னும் ஊரில் ஈசன் புற்றுமண்ணிலே எழுந்தருளியிருக்கிறார். தண்ணீர் படாத திருமேனி அது. நீராட்டெல்லாம் மேலே சாத்தியிருக்கும் செம்புக் கவசத்துக்குத்தான். அந்த ஊரில் ஞானப்பூங்கோதை என்றோர் அம்மையார் வாழ்ந்தார். சென்னையில் கட்டடக்கலை படித்துப் பட்டம் பெற்றவர். ஆனாலும் காலையில் அவரைப் பார்க்க விரும்புகிறவர்கள் மண் குழைக்கும் குழிக்குத்தான் போக வேண்டும். நெற்றி நிறையத் திருநீறும் முழங்கால் வரை சேறுமாகக் கூலியாட்களோடு சேர்ந்து மிதித்துக்கொண்டிருப்பார். வாய் ஐந்தெழுத்தை ஓதிக்கொண்டிருக்கும். அதற்கு முன்பே கோயில் பிராகாரத்தைப் பெருக்கி முடித்திருப்பார்.

உப்புக் காற்றில் இரும்புக் கம்பி துருப்பிடித்துக் கான்கிரீட் வெடித்துப்போகும் ஊர் அது. அளத்துக் கூலிகளோ கல்நார்க் கூரையின் கீழ் வெந்துகொண்டிருந்தார்கள். அவர்களுக்காக மேட்டு நிலத்து மண்ணும் கிளிஞ்சல் சுண்ணாம்பும், கூரைக்குப் பனங்கைச் சட்டமும் நாட்டு ஓடும் கொண்டு வீடு கட்டுவதையே அம்மையார் தம் தொண்டாக ஏற்றார்.

முன்பு சென்னையில் பெரிய நிறுவனம் ஒன்றில் வேலை பார்த்தவர்தான். மேற்கு வெயிலைப் பார்த்து முழுச் சுவரும் கண்ணாடியாக ஒரு கட்டடம் வரையச் சொன்னார்கள். "இதுக்குள்ள இருக்கறவங்க பகல் பூரா மெஷின் காத்துலதான் உசுரோட இருக்கணும். இத நான் வரையமாட்டேன்" என்று எழுந்து வந்துவிட்டார். ஒப்பந்தக்காரரான அண்ணன் தியாகசுந்தரத்துக்கு அது பொறுக்கவில்லை.

"ஊர்ல எல்லாரும் மாடி மேல மாடி ஏறுறாங்க. நீ படிச்சிட்டுச் சேத்துல எறங்குறியே, கோதை."

"சாமியே அதுலதான் இருக்காரு, அண்ணே" என்றார் அம்மையார். அதன்பின் அண்ணன் வீட்டுப் படியேறுவதை அவரும் விட்டார். அவரை அழைப்பதை அண்ணனும் விட்டார்.

ஓராண்டு பருவம் தவறி மழை கொட்டியது. செல்லக்கண்ணு என்ற உப்பளத் தொழிலாளிக்காக எழுப்பிய சுவர்கள், கூரை ஏறும் முன்பே நனைந்து சரிந்தன. உயிருக்குச் சேதமில்லை. ஆனால் ஊர் சிரித்தது. கடைத்தெருவில் அவரை 'மண்ணாங்கட்டியம்மா' என்றே கூப்பிட்டார்கள். அன்று மாலை அம்மையார் சந்நிதியில் போய் நின்றார். அழவில்லை.

"எத்தனையோ மழை பாத்துட்டு நீர் மட்டும் நிக்கிறீர். உமக்கு மேல கூரை இருக்கு, அதான். அவனுக்கும் நான் போடுறேன். அதுக்குள்ள இன்னொரு தடவ தள்ளிவிட்டாலும் நான் போறதா இல்ல" என்றார். அருகில் நின்ற சபாபதி குருக்கள் காதைப் பொத்திக்கொண்டார்.

இம்முறை மரத்தூண் நட்டுக் கூரையை முதலில் நிறுத்தினார். அதன் நிழலில் சுவரை வளர்த்தார். செல்லக்கண்ணு குடிபோனான். அடுத்த கோடையில் அவன் வீட்டுக் குளிர்ச்சிக்கு அளத்தெருவே வந்து உட்கார்ந்தது. ஒவ்வொரு வீடாக அம்மையாரிடம் வந்தார்கள்.

உண்மையான சோதனை கோயிலிலிருந்து வந்தது. வெளியூரில் பெருஞ்செல்வம் சேர்த்த இராசகிளி என்பவர் திருப்பணிக்கு முன்வந்தார். கருவறையின் பழைய மண்தரையை மூடிப் பளபளக்கும் கருங்கல் பதிப்பது, சுவருக்கு சிமெண்ட் பூசுவது என்பது அவர் எண்ணம். பட்டம் பெற்றவரும் அடியவருமான அம்மையாரே வரைபடத்தில் கையொப்பமிட்டால் சிறப்பு என்று தியாகசுந்தரத்தையும் கூட்டிக்கொண்டு வந்தார். வேலையை எடுத்திருந்தவர் அந்த அண்ணன்தான்.

அம்மையார் வரைபடத்தைப் பார்த்துவிட்டு மடித்துத் திருப்பிக் கொடுத்தார். "இது கடலோரம். பூமி ஈரம் அந்த மண்தரை வழியாத்தான் வெளிய போயிக்கிட்டிருக்கு. கல்லும் சிமெண்ட்டும் வச்சு அடைச்சா அது புத்துக்குள்ளதான் ஏறும். சாமி கரைஞ்சிடும்."

"சாமி கரையும்னு வாய் கூசாமச் சொல்றியே" என்றார் அண்ணன்.

"கூசுறதாலதான் கையெழுத்துப் போடல."

இராசகிளியின் முகம் சிவந்தது. "அம்மா, நீங்க இல்லாட்டி வேற ஆளு இல்லையா? ஆனா ஒண்ணு. திருப்பணிய எதிர்க்கிறவங்களுக்குக் கோயிலுக்குள்ள என்ன வேலை?"

அன்றே அம்மையாரின் கைத்துடைப்பம் வாயிலுக்கு வெளியே எறியப்பட்டது. அதை எடுத்துக்கொண்டு அவர் கோயிலின் வெளிவீதியைப் பெருக்கத் தொடங்கினார். உள்ளே கல் இழைக்கும் சத்தம் கேட்கக் கேட்க வெளியே நின்று கும்பிட்டார். பிறகு குழிக்குத் திரும்பினார். தோற்றுவிட்டோம் என்ற எண்ணம் அவருக்கு வரவே இல்லை.

குடமுழுக்கு ஆரவாரமாக நடந்தது. ஐப்பசி மழையும் வந்தது. கார்த்திகையில் கவசம் திறந்து புனுகு சாத்தும் நாளன்று, கூடியிருந்தோர் முன் குருக்கள் கவசத்தை எடுத்தார். புற்றின் அடிப்பாகம் நனைந்து குழைந்திருந்தது. தொட்ட விரலோடு மண் வந்தது. குருக்கள் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

இராசகிளிக்குத் தலை சுற்றியது. மண்டபத் தூணில் சாய்ந்து கண்ணை மூடினார். உடனே கனவு போல ஒரு காட்சி. உடலெல்லாம் உப்புப் பூத்த ஒரு கிழவர் மூச்சு வாங்கியபடி வெளியே நடந்து போகிறார். "எங்க பெரியவரே போறீங்க?" என்று இராசகிளி கேட்கிறார். "இங்க மூச்சு முட்டுதுப்பா. என் பொண்ணு கோதை கட்டுன வீட்டுல போயி இருக்கேன்" என்கிறார் கிழவர்.

இராசகிளி எழுந்து, கண்டதைச் சொல்லிக் கதறியபடி அளத்தெருவுக்கு ஓடினார். குருக்களும் கூட்டமும் பின்னால் ஓடினார்கள். அங்கே அம்மையார் குடிபுகாத ஒரு புதுவீட்டின் சுவருக்குச் சுண்ணாம்பு பூசிக்கொண்டிருந்தார். அந்த வெறும் வீட்டுக்குள்ளிருந்து புனுகு மணம் தெரு முழுதும் வீசியது. குருக்கள் வாசலிலேயே விழுந்து வணங்கினார்.

"தப்புப் பண்ணிட்டேன்மா. வந்து காப்பாத்துங்க" என்றார் இராசகிளி.

புற்று கரைந்த செய்தியைக் கேட்ட அம்மையார் கையிலிருந்த சுண்ணாம்பைத் துடைத்தார். "வர்றேன். முதல் கல்ல நீங்களும் எங்க அண்ணனும்தான் பேத்தெடுக்கணும். கூலியாள விட்டுப் பேத்தெடுக்கக் கூடாது."

அப்படியே ஆயிற்று. இருவரும் வியர்வை ஒழுகக் கடப்பாரை போட்டார்கள். கல் போயிற்று, சுவரின் சிமெண்ட் போயிற்று. அம்மையார் தம் கையாலேயே மண்ணும் சுண்ணாம்பும் கலந்து தரையை இடித்து இறுக்கினார். தை பிறக்கும்போது ஈரம் முற்றும் வாங்கிப் புற்று உலர்ந்து உறுதியாக நின்றது.

குருக்கள் பரிவட்டத்தை எடுத்து அம்மையாரின் தலையில் கட்டினார். பெண்ணுக்குக் கட்டும் வழக்கமில்லையே என்று ஒருவர் முணுமுணுத்தார்.

"சுவாமியே போய்த் தங்கின இடத்தைக் கட்டினவா இவா. வழக்கம் பாக்க நான் யாரு?" என்றார் குருக்கள்.

அம்மையார் மூப்பு எய்தும் வரை கட்டிக்கொண்டே இருந்தார். தேவைக்கு மேல் ஓர் அறையோ, மண்ணே போதும் என்ற இடத்தில் வேறு பொருளோ கடைசிவரை அவர் வரையவில்லை. எத்தனை பேர் வற்புறுத்தியும் இணங்கவில்லை. வீடு அருள்பவனுக்கே வீடு கொடுத்த ஞானப்பூங்கோதையாரின் பெயர் விளங்குக.