பின்பக்கமாக வந்த வள்ளம்

“மிஸ், படத்துல ஒட்டுப் போட்ட இடம் தெரியுதா? அதை மட்டும் சொல்லுங்க.”

கேட்டவன் கஸ்பார்.

நிலோஃபர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. படம் ஒரு சுற்று ஓடி முடிந்து, மறு சுற்றும் ஓடியது.

“தெரியல” என்றாள்.

“அப்போ நல்லா வந்திருக்குன்னு சொல்லலாமா?”

“ஒட்டு தெரியலன்னு சொல்லலாம்.”

கஸ்பாருக்கு நாற்பது தாண்டிவிட்டது. அவன் ‘மிஸ்’ என்று கூப்பிடும் நிலோஃபருக்கு அவனுடைய கடைசித் தங்கையின் வயதுதான் இருக்கும். இருந்தாலும் அவள் ஆசிரியை, அவன் மாணவன். அதில் இருவருக்கும் சந்தேகம் இல்லை.

கஸ்பார் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்தவன். நிலோஃபர் வேறு மாதிரி வீடியோ எடுப்பவள். அவள் படங்களுக்குக் கொட்டகை கிடையாது. ஒரு அறையைப் பிடிப்பாள். அதன் சுவரில், தரையில், சில சமயம் தண்ணீர்த் தொட்டியில் படத்தை ஓடவிடுவாள். பார்ப்பவர் அந்த அறைக்குள் நடந்து போக வேண்டும்.

அந்தப் படங்களுக்குத் தொடக்கமும் இல்லை, முடிவும் இல்லை. ஓடிக்கொண்டே இருக்கும். நினைத்தபோது உள்ளே போகலாம், நினைத்தபோது எழுந்து வரலாம்.

அப்படி ஒரு படத்தைத்தான் கஸ்பார் முதல்முறையாகத் தானே செய்திருந்தான்.

இடம், துறைமுகத்தை ஒட்டிய பழைய உப்புக் கிடங்கு. நினைவைப் பற்றிய கண்காட்சி. நாளைக்குத் திறப்பு. இன்றைக்குப் படம் செய்தவர்களின் வீட்டு ஆட்கள் மட்டும் வந்து பார்க்கலாம். கஸ்பாருக்குக் கிடைத்தது கடைசி அறை.

படத்தில் இருப்பது இவ்வளவுதான்.

முழங்கால் ஆழத் தண்ணீரில் ஒரு வள்ளம். அதில் கஸ்பாரின் அண்ணன் இன்னாசி. எஞ்சினை இழுத்துக் கிளப்புகிறான். வள்ளம் கடலைப் பார்த்துப் போகிறது. இன்னாசி திரும்பிப் பார்த்து ஒரு கையை உயர்த்துகிறான். வள்ளம் சிறுத்துச் சிறுத்துப் புள்ளியாகிறது.

புதிதாக வாங்கிய கேமராவைச் சோதித்துப் பார்க்க, கரையில் நின்று கஸ்பார் எடுத்தது. அன்று மாலை காற்று திரும்பியது. வள்ளமும் வரவில்லை, இன்னாசியும் வரவில்லை. ஆறு வருடம் ஆகிறது. அந்தப் படத்தை கஸ்பார் இதுவரை யாருக்கும் காட்டியதில்லை.

புள்ளியான இடத்தில் படத்தை வெட்டி மறுபடி தொடங்கினால் திரை துள்ளும். ஒட்டுப் போட்டது தெரிந்துவிடும். கல்யாண வீடியோக்காரனுக்கு அது அவமானம். ஆகவே அவன் தன் தொழிலின் வித்தை ஒன்றைக் கையாண்டான். மாப்பிள்ளை மேல் தூவிய பூ, மறுபடி தூவியவர் கைக்கே பறந்து போகுமே, அந்த வித்தை.

படத்தைப் பின்னோக்கி ஓடவிட்டான்.

இப்போது புள்ளி வளர்ந்தது, வள்ளமானது. எஞ்சின் புகை எஞ்சினுக்குள்ளேயே போனது. அலை கரையிலிருந்து கடலுக்கு ஏறியது. இன்னாசி கையை உயர்த்தியபடி நெருங்கி வந்தான். முழங்கால் ஆழம் வந்ததும் மறுபடி புறப்பட்டான்.

எங்கேயும் ஒட்டு இல்லை.

“உங்க மதினி எப்போ வர்றாங்க?” என்று கேட்டாள் நிலோஃபர்.

மதினி என்றால் அண்ணன் மனைவி. பெயர் பிரகாசி.

“சாப்பிட்டுட்டு வாரேன்னாங்க.”

“ஞாயித்துக்கிழமைதானே பூசை?”

கஸ்பார் ஒரு வயரை எடுத்துச் சுருட்டினான். பிறகு பிரித்தான்.

இறந்தவருக்கு வைக்கும் அந்தப் பூசையை ஆறு வருடமாகப் பிரகாசிதான் தள்ளிப்போட்டாள். அவர் வருவார் என்றாள். போன மாதம் அவளே பங்குச் சாமியாரிடம் போய், நாள் குறியுங்கள் என்று சொல்லிவிட்டாள். உடம்பு கிடைக்காதவர்களுக்கு அந்தக் கரையில் ஒரு முறை இருந்தது. கோயிலில் பூசை முடிந்ததும் ஒரு மரச்சிலுவையைக் கல்லறைத் தோட்டத்துக்குக் கொண்டுபோய் நட வேண்டும். சுமப்பவன் கூடப்பிறந்தவனாக இருக்க வேண்டும்.

கூடப்பிறந்தவர்களில் ஆண் கஸ்பார் ஒருவன்தான்.

“ஞாயித்துக்கிழமை எதுவும் நடக்காது மிஸ்” என்றான்.

“ஏன்?”

“இதப் பாத்தா மதினி வேண்டாம்னுருவாங்க.”

“அதுக்காகத்தான் பண்ணீங்களா?”

“நான் மாட்டேன்னு சொன்னா ஊரு என்னைப் பேசும். மதினி சொன்னா யாரும் வாயத் தொறக்க முடியாது.”

நிலோஃபர் அவனை ஏறிட்டுப் பார்த்தாள். புரொஜெக்டரின் காற்றாடி மட்டும் இரைந்தது.

“தப்புன்னா சொல்லுங்க” என்றான் கஸ்பார். குரல் ஏறியது. “இப்பவே எல்லாத்தையும் கழட்டிட்டுப் போயிருதேன்.”

“நான் கழட்டச் சொன்னேனா?”

“மூஞ்சி சொல்லுதே.”

“என் மூஞ்சி பொறந்ததுலேர்ந்து இப்படித்தான்.”

அறையின் நடுவில், திரைக்கு எதிரே, பிரகாசிக்காக கஸ்பார் ஒரு நாற்காலி போட்டிருந்தான். நிலோஃபர் அதைப் பார்த்தாள். வெளியே போனாள். இன்னொரு நாற்காலியோடு வந்தாள். முதல் நாற்காலியை ஒட்டிப் போட்டாள்.

“இது யாருக்கு மிஸ்?”

“உங்களுக்கு.”

“படம் பண்ணினவன் உள்ளே இருக்கக் கூடாது, பாக்கறவங்களைத் தனியா விடணும்னு நீங்கதானே சொன்னீங்க?”

“ஆமா.”

“பெறவு?”

நிலோஃபர் விளக்கை அணைத்தாள்.

பிரகாசி வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே எட்டிப் பார்த்தாள்.

“இதென்ன தம்பி, ஓலைக் கடவாப் பெட்டிக்குள்ள தலைய விட்ட மாதிரி இருக்கு? லைட்டுக்குப் பணம் கட்டலியா?”

“இருட்டாத்தான் இருக்கணும் மதினி. செருப்பப் போட்டுக்கிட்டே வரலாம்.”

“இருக்கட்டும்.” அவள் பார்வை நிலோஃபரிடம் போனது. “நீதான் டீச்சரா? சின்னப் புள்ளையா இருக்க. இவன் சொல்றதக் கேக்கானா?”

“வேலையெல்லாம் நல்லாப் பண்றாருக்கா.”

“கேட்டா பதில் சொல்ல மாட்டான், அதானே? அண்ணனும் அப்படித்தான். அந்த வம்சமே அப்படி.”

சிரித்துக்கொண்டே வந்து உட்கார்ந்தாள். பக்கத்து நாற்காலியில் கஸ்பார் உட்கார்ந்தான். நிலோஃபர் மூலையில், கம்ப்யூட்டர் இருந்த மேசை அருகில் நின்றுகொண்டாள்.

படம் தொடங்கியது.

இன்னாசியைக் கண்டதும் பிரகாசியின் சிரிப்பு நின்றது.

கஸ்பார் திரையைப் பார்க்கவில்லை. மதினியின் முகத்தைப் பார்த்தான். திரையின் வெளிச்சம் அந்த முகத்தில் அசைந்தது. வள்ளம் புறப்பட்டது. இன்னாசி கையை உயர்த்தினான். வள்ளம் சிறுத்தது.

பிரகாசி சேலைத் தலைப்பை எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள்.

புள்ளி நின்றது. பிறகு வளர்ந்தது.

அவள் கை பாய்ந்து வந்து கஸ்பாரின் மணிக்கட்டைப் பிடித்தது. நகம் பதிந்தது.

“வாராரு” என்றாள்.

“ஆமா மதினி.”

“வாராரு தம்பி.”

நினைத்ததுதான் நடந்தது. மூலையில் நிலோஃபர் அசையாமல் நிற்பது தெரிந்தது. அவன் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

வள்ளம் கரைக்கு நெருங்கியது. இன்னாசியின் சட்டையில் தையல் விட்ட இடம்கூடத் தெரிந்தது. பிரகாசி நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டாள்.

வள்ளம் மறுபடி புறப்பட்டது.

“ஐயோ” என்றாள்.

போயிற்று. வந்தது. போயிற்று.

கஸ்பார் காத்திருந்தான். பிறகு மெதுவாகக் கேட்டான்.

“மதினி, ஞாயித்துக்கிழமை வேண்டாம்னு சாமியார்ட்டச் சொல்லிரவா?”

அவள் பிடி தளர்ந்தது. மணிக்கட்டிலிருந்து கை விலகிப் போனது.

“மதினி?”

“பொறு. பாக்க விடு.”

வள்ளம் வந்தது. இப்போது பிரகாசி கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். கரையில் நின்று வள்ளங்களை அடையாளம் காண்கிற பார்வை.

“ஏன் தம்பி பின்பக்கமா வாராரு?”

கஸ்பார் குனிந்துகொண்டான்.

“வள்ளம் இப்படி வராதே. உனக்குத் தெரியாதா?”

“தெரியும் மதினி.”

“கரைக்கு முதுகக் காட்டிக்கிட்டு, யாரோ கயித்தக் கட்டி இழுக்க மாதிரி.”

வள்ளம் முழங்கால் ஆழத்தில் நின்றது. எஞ்சின் கிளம்பியது.

“எறங்கவே மாட்டேங்காரே” என்றாள் பிரகாசி. “இம்புட்டுத் தண்ணிதான். காலத் தூக்கி வச்சா கரை. அதுக்குள்ள மறுபடி வெரட்டி விட்டுருதியளே.”

“யாரும் வெரட்டல மதினி. படம் அப்படி.”

“நீதானே பண்ணின?”

அவன் தலையாட்டினான்.

“காலையிலிருந்து இப்படியா ஓடுது?”

“ஆமா.”

“நாளைக்கும் ஓடுமா?”

“கண்காட்சி முடியற வரைக்கும்.”

“அவருக்கு ஒரு வாய்த் தண்ணிகூடக் கெடையாது” என்றாள் பிரகாசி. கோபமா அழுகையா என்று அவனால் கண்டுபிடிக்க முடியவில்லை. அவள் மூலைப் பக்கம் திரும்பினாள். “டீச்சர், போறத மட்டும் போடு. வாரது வேண்டாம்.”

“மிஸ், தொடாதீங்க!”

கஸ்பார் எழுந்தே விட்டான். நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. வெறும் கிடங்கில் அந்தச் சத்தம் சுவருக்குச் சுவர் மோதியது. அவன் நிழல் திரையில் பெரிதாக விழுந்து வள்ளத்தை மறைத்தது.

நிலோஃபரின் விரல்கள் மேசைமேல் இருந்தன.

“உன் மாணவன் படம்தானே, போடு டீச்சர்” என்றாள் பிரகாசி.

“என் படம் இல்லக்கா. அவர் சொல்லாம நான் தொட மாட்டேன்.”

“அப்போ நீ எதுக்கு இங்க டீச்சரா நிக்க?”

“அவரே சொல்லட்டும்னுதான் நிக்கிறேன்.”

பிரகாசி ஒரு நொடி அவளை முறைத்தாள். பிறகு, கஸ்பாரின் சட்டையைப் பிடித்து ஓரமாக இழுத்தாள்.

“மறைக்காத. உக்காரு.”

அவன் விழுந்த நாற்காலியை நிமிர்த்தி உட்கார்ந்தான்.

“போறத மட்டும் போட்டா முடிஞ்சிரும் மதினி” என்றான். “அதுக்கு மேல என்கிட்ட படம் இல்ல.”

“தெரியுது.”

“வெறும் கடல்தான் இருக்கும்.”

“அது எனக்குத் தெரியாதா? ஆறு வருஷம் நான் வேற என்னத்தப் பாத்தேன்?”

திரையில் இன்னாசி திரும்பினான். கையை உயர்த்தினான். பிரகாசி அந்தக் கையைப் பார்த்தாள். தலையைச் சாய்த்து இன்னும் கூர்ந்து பார்த்தாள்.

“தம்பி, இவரு யாருக்குக் கையக் காட்டுதாரு?”

“உங்களுக்குத்தான்.”

“நான் அன்னைக்குக் கரைக்கு வரலியே. உலை வச்சுக்கிட்டிருந்தேன்.”

கஸ்பார் திரையைப் பார்த்தான். இன்றைக்கு முதல்முறையாக, ஒட்டு எங்கே என்று தேடாமல் பார்த்தான்.

இன்னாசி நேரே அவனைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“கரையில வேற யாரு நின்னா?” என்று கேட்டாள் பிரகாசி.

“யாரும் இல்ல.”

“அப்போ?”

அவன் பார்வை அண்ணனின் கையிலேயே நின்றது.

“நீ கையக் காட்டினியா?”

“இல்ல மதினி.”

“ஏன்?”

“ரெண்டு கையிலயும் கேமரா இருந்துச்சு. அசைஞ்சா படம் ஆடிரும்னு...”

பிரகாசி சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். வள்ளம் போனது. பின்பக்கமாக வந்தது. உயர்ந்த கை அப்படியே நெருங்கி வந்து, இறங்கியது.

கஸ்பார் மடியில் கிடந்த தன் கைகளைப் பார்த்தான்.

பிறகு மூலைப் பக்கம் திரும்பினான்.

“மிஸ். போறத மட்டும்.”

“எத்தனை தடவை?” என்று கேட்டாள் நிலோஃபர்.

“ஒரே தடவை.”

திரை இருண்டது. பிறகு தண்ணீர் வந்தது, வள்ளம் வந்தது. இன்னாசி எஞ்சினை இழுத்துக் கிளப்பினான். வள்ளம் கடலைப் பார்த்துக் கிளம்பியது.

இன்னாசி திரும்பினான்.

கஸ்பார் எழுந்து நின்று, கையை உயர்த்தினான்.