சிரித்த பிறகு எழுந்திருக்கலாம்

சினிமாவில் செத்தவர்கள் சிரித்துவிட்டுத்தான் எழுந்திருக்க வேண்டும். அது வழக்கம். பாடையில் படுத்தவர் யாராக இருந்தாலும், ஷாட் ஓகே ஆனதும் கேமராவை உடனே நிறுத்தமாட்டார்கள். அவர் கண்ணைத் திறந்து, லென்ஸைப் பார்த்து ஒரு சிரிப்பு சிரிக்க வேண்டும். இல்லாவிட்டால் நடிப்பு நிஜமாகிவிடும் என்று ஒரு பயம். மேடையில் பகுத்தறிவு பேசுகிற டைரக்டர்கூட இந்தச் சிரிப்பை மட்டும் விட்டுவிடமாட்டார். எதற்கு வம்பு என்பார்.

தில்லைநாதன் அப்படி நிறையச் சிரித்தவன். புவனகிரிக்காரன், டவுன் பஸ் கண்டக்டரின் மகன். பார்த்ததும் நல்ல பையன் என்று சொல்லத் தோன்றும் முகம். அந்த முகமே அவனுக்கு வினையாகப் போயிற்று. கதாநாயகனின் நண்பனாக வந்து இடைவேளைக்கு முன்பே செத்துவிடுவான். அவன் செத்தால்தான் கதாநாயகனுக்குக் கோபம் வரும், கோபம் வந்தால்தான் படம் நகரும்.

நடுவில் எழுதவும் செய்தான். மற்றவர்கள் படங்களுக்குப் பெயர் போடாமல் வசனம் எழுதிக் கொடுத்தான். தான் சாகும்போது பேசுகிற வசனங்களையும் பெரும்பாலும் அவனே எழுதிக்கொண்டான். அதிகம் பேசாமல் செத்துப்போவது அவனுடைய பாணி.

முதல் படத்தைப் பார்க்கப் போன அவன் அம்மா, மகன் குத்துப்பட்டு விழுந்ததும் தியேட்டரை விட்டு எழுந்து வந்துவிட்டாள். அன்று போனில் அவன் சமாதானம் சொல்லும்போது இந்தச் சிரிப்பு விஷயத்தையும் சொன்னான். அதிலிருந்து அவன் ஒவ்வொரு முறை சாகும்போதும் அம்மா கேட்பாள்.

"சிரிச்சியா தம்பி?"

"சிரிச்சேன்மா."

"சரி, போய்ச் சாப்பிடு."

ஒருநாள் பொள்ளாச்சிப் பக்கம் ஒரு கிராமத்தில் அவனைப் பாடையில் படுக்க வைத்திருந்தார்கள். அன்று காலையில் புவனகிரியில் அவன் அப்பா நெஞ்சு வலிக்கிறது என்று சொல்லி உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. பாடையில் கிடப்பவன் கையில் போன் இருக்காது. செய்தி மேனேஜருக்குப் போயிற்று. படப்பிடிப்பு நடந்த வீடு அன்று ஒரு நாளைக்குத்தான் கிடைத்திருந்தது. ஷாட் முடியட்டும் என்று மேனேஜர் வாயை மூடிக்கொண்டார்.

தில்லை சிரித்தான். ஃபோகஸ் சரியில்லை, இன்னொரு தடவை என்றார்கள். இன்னும் நன்றாகச் சிரித்தான். அதற்குப் பிறகுதான் சொன்னார்கள்.

காரியமெல்லாம் முடிந்து சென்னைக்குத் திரும்பியவன் நேராக மங்கையர்க்கரசி டீச்சரிடம் போனான். சாலிகிராமத்தில் ஒரு மொட்டை மாடியில் நடிப்புச் சொல்லிக் கொடுப்பவர் அவர். தானும் சின்னச் சின்ன வேடங்களில் வருவார். அவர் வாயால் ஒரு பாராட்டு வாங்கிய மாணவன் கிடையாது. அவரிடம் படித்தவர்கள் எல்லாரும் அதைப் பெருமையாகவே சொல்லிக்கொள்வார்கள்.

"டீச்சர், அப்பா செத்துக் கிடக்கறப்ப பாடையில படுத்துச் சிரிச்சவன் எப்படிப்பட்ட ஆளு?"

டீச்சர் வானத்தைப் பார்த்தார்.

"மழை வர்ற மாதிரி இருக்கு. கொடியில இருக்கற துணியை எடுத்துட்டு வா."

எடுத்து வந்து மடித்தும் வைத்துவிட்டுக் கீழே இறங்கினான். வெகு நாள் அந்தப் பக்கம் போகவில்லை. அவனுக்கு வருத்தம்தான்.

அதன் பிறகு அவன் எந்தப் படத்திலும் சாக ஒப்புக்கொள்ளவில்லை. வேறு விதமாக அவனைப் பார்க்க யாருக்கும் தெரியவில்லை, அதனால் வேலையும் குறைந்தது. உடம்பில் ஓர் அலுப்பு வந்து உட்கார்ந்துகொண்டது. தூங்கி எழுந்தாலும் அது கூடவே எழுந்தது. ஊருக்குப் போவது நின்றுபோனது. அம்மா போன் செய்தால் ஷூட்டிங்கில் இருக்கிறேன் என்று வைத்துவிடுவான். ஏன் என்று யாரிடமும் சொல்லவில்லை.

எழுத மட்டும் முடிந்தது. ஒரு சாவு வீடு, தாமதமாக வந்து சேரும் ஒருவன், அவ்வளவுதான் கதை. இறந்தவரை அப்பா என்று எழுதினால் கை ஓடவில்லை. வளர்த்த அக்கா என்று மாற்றினான், ஓடியது. எழுத்தும் நடிப்பும் டைரக்‌ஷனும் அவனே. நம்பிப் பணம் போட ஒருவர் கிடைத்தது அவனுக்கே ஆச்சரியம். இந்தப் படம் நின்றுவிட்டால் சினிமாவை விட்டுவிடுவது என்று முடிவு செய்திருந்தான்.

அக்கா வேடத்துக்காக மறுபடி அந்த மாடியேறினான். டீச்சர் ஒன்றுதான் கேட்டார்.

"வசனம் இருக்கா?"

"இல்ல டீச்சர். படுத்துக்கிட்டே இருக்கணும்."

"நல்ல வேஷம்."

பூந்தமல்லிப் பக்கம் ஒரு வீட்டில் படப்பிடிப்பு. கூடத்தில் பெஞ்சு போட்டு டீச்சரைப் படுக்க வைத்தார்கள். தாடையைத் துணியால் கட்டி, கால் பெருவிரல்களைச் சேர்த்துக் கட்டி, மாலையும் போட்டார்கள். ஆரம்பிக்கும் முன் தில்லை எல்லாரையும் கூப்பிட்டு, ஷாட் முடிந்ததும் சிரிக்கிற வேலையெல்லாம் இங்கே கிடையாது என்றான். என் படத்தில் செத்தவர்கள் செத்தவர்கள்தான் என்றான். லைட்மேன்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

காட்சியில் அவன் வாசலில் வந்து நிற்க வேண்டும், பிறகு அக்காவின் காலடியில் உட்கார்ந்து அழ வேண்டும். கிளிசரின் தேவைப்படவில்லை. முதல் தடவையே ஓகே என்றார் கேமராமேன். தில்லை கட் சொன்னான். கேமரா நின்றது.

டீச்சர் எழுந்திருக்கவில்லை.

அசதியில் தூங்கிவிட்டார் போலிருக்கிறது என்று மேக்கப் போடுகிற பெண் போய்த் தோளைத் தொட்டாள். டீச்சர் ஒரு கண்ணை மட்டும் திறந்து, கேமராவைப் போடச் சொல், சிரிக்க வேண்டும் என்றார். மறுபடி மூடிக்கொண்டார்.

அரை நிமிஷ வேலைதானே சார், எடுத்துவிடலாம் என்றார் கேமராமேன். தில்லை முடியாது என்றான். மேனேஜர் வந்து கெஞ்சினார். அடுத்த காட்சியும் அதே கூடத்தில்தான். பிணம் எழுந்தால்தான் பெஞ்சை நகர்த்த முடியும். சாப்பாட்டு வேளை வந்தது. டீச்சர் அதற்கும் எழவில்லை. வீட்டுக்கார அம்மாள் எட்டிப் பார்த்துவிட்டு, சிரிக்காமல் இப்படியே போட்டுவைப்பதாக இருந்தால் நாளையிலிருந்து வீடு கிடையாது என்று சொல்லிவிட்டுப் போனார். இங்கே நின்றால் படம் நின்றதுதான், தில்லைக்கு அது நன்றாகத் தெரிந்தது.

எல்லாரையும் வெளியே அனுப்பிவிட்டுப் பெஞ்சின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான். கோபமாகப் பேசத்தான் நினைத்தான். அதற்குக்கூட அவனிடம் தெம்பு இல்லை.

"டீச்சர், உங்களுக்கு இதுல எல்லாம் நம்பிக்கை கிடையாதே."

"கிடையாது."

தாடை கட்டியிருந்ததால் குரல் உள்ளேயே இருந்தது. அவன் காதைப் பக்கத்தில் கொண்டுபோக வேண்டியிருந்தது.

"அப்புறம் எதுக்கு இந்தப் பிடிவாதம்?"

"எங்க வீட்டுல ஒருத்தர் இருக்காரு. அவருக்கு நம்பிக்கை உண்டு. காலையில கேட் வரைக்கும் வந்து, மறக்காம சிரிச்சுட்டு வான்னு சொல்லி அனுப்பினாரு."

தில்லை மாலையைப் பார்த்தான். ஒரு எறும்பு அதன்மேல் ஏறிக்கொண்டிருந்தது. அதைத் தட்டிவிட்டான்.

"எங்கம்மாவும் கேட்டாங்க டீச்சர்."

"எப்போ?"

"காரியம் முடிஞ்ச மறுநாள். அன்னிக்குப் பாடையில படுத்திருந்தியாமே, சிரிச்சியான்னு கேட்டாங்க. அப்பா செத்த அன்னிக்கு எப்படிடா சிரிச்சேன்னு கேக்கற மாதிரி இருந்துச்சு. எந்த முகத்தை வெச்சுக்கிட்டுப் பதில் சொல்றது? பையை எடுத்துக்கிட்டுக் கிளம்பிட்டேன். இன்னிவரைக்கும் ஊருக்குப் போகல."

அவன் அழுதான். காலையில் கேமரா முன்னால் அழுதது போல இது அழகாக இல்லை. மூக்கைச் சட்டையில் துடைத்துக்கொண்டான்.

டீச்சர் காத்திருந்தார். பிறகு கேட்டார்.

"அதுக்கு முன்னாடி அவங்க கேட்டதே இல்லையா?"

"கேப்பாங்க. ஒவ்வொரு படத்துக்கும் கேப்பாங்க."

"நீ என்ன சொல்லுவ?"

"சிரிச்சேன்மான்னு சொல்லுவேன். சரி, போய்ச் சாப்பிடும்பாங்க."

சொன்ன பிறகுதான் அது தில்லைக்கே கேட்டது. வெளியே சாப்பிட்ட தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தார்கள்.

"அன்னிக்குச் சொன்னியா?"

"சொல்லல."

"எத்தனை நாளாச்சு?"

"ரெண்டு வருஷம்."

டீச்சர் கழுத்தில் சரிந்திருந்த மாலையைத் தானே நேராக்கிக்கொண்டார். கைகளைப் பழையபடி மார்மேல் வைத்து, கண்ணை மூடிக்கொண்டார்.

"போய் போன் பண்ணிட்டு வா. நான் படுத்திருக்கேன்."