கொலுசோட நாலு காலு

ஒரு ஊர்ல ஒரு ஆடு இருந்துச்சு. ராஜாவும் இல்ல, ராணியும் இல்ல, ஆடுதான். போர்வைய நல்லா இழுத்து மூடிக்கோ சாமி. நான் சொல்லச் சொல்ல நீ ம் கொட்டணும். கொட்டலைன்னா தூங்கிட்டேன்னு வெளக்க அணைச்சிருவேன், சரியா? ம். சமத்து.

அந்த ஆடு உடம்பெல்லாம் கருப்பு. நாலு காலுலயும் கணுக்கால் கிட்ட மட்டும் வெள்ளையா ஒரு வளையம். கொலுசு போட்ட மாதிரி. அதனால அதுக்குப் பேரே கொலுசுன்னு வச்சுட்டா பாவாயி.

பாவாயி யாருன்னு கேக்கறியா? அவ காவேரிக்கரையில வாழைத்தோட்டத்துக்கு நடுவுல வளந்த பொண்ணு. கல்யாணம் பண்ணி இந்த மலையடிவாரத்து ஊருக்கு வந்தா. வந்த புதுசுல அவளுக்கு யாரையும் தெரியாது. அப்போ ஒரு நாள் அவங்க வீட்டு வெள்ளாடு குட்டி போட்டுட்டுச் செத்துப் போச்சு. குட்டி நடுங்கிக்கிட்டே கெடந்துச்சு. பாவாயி பழந்துணியைப் பாலுல முக்கி, அது வாயில வச்சா. குட்டி சப்புச் சப்புன்னு சப்புச்சு. அன்னையிலருந்து அவ எங்க போனாலும் பின்னாடியே டொக்கு டொக்குன்னு கொலுசு. கெணத்துக்குப் போனா கெணத்துக்கு. துணி துவைக்கப் போனா அங்கயும். ஒரு தடவை சோப்பைத் தின்னுட்டு வாயெல்லாம் நுரையா நின்னுச்சு.

சிரிக்காத, தூக்கம் போயிரும்.

பாவாயி புருசன் பேரு மாரப்பன். நல்ல மனுசன். புளி உலுக்கறதுதான் வேலை. மரத்து மேல ஏறிக் கெளையப் புடிச்சு உலுக்குனா பொலபொலன்னு புளியம்பழம் கொட்டும். அப்படி உலுக்கும்போது ஒரு நாள் கெளை மடார்னு முறிஞ்சுச்சு. மாரப்பன் தொபுக்கடீர்னு கீழ. வலது கால் எலும்பு முறிஞ்சு போச்சு.

எலும்புக் கட்டுக்காரர் வந்தாரு. முட்டை வெள்ளைக்கருவத் தடவி, மூங்கில் பத்தை வச்சு, துணி சுத்தி இறுக்கிக் கட்டினாரு. கெளம்பும்போது, "காலை ஆட்டாம வச்சிருக்கணும். ஆட்டுக்கால் ரசம் வச்சுக் குடுங்க, எலும்பு சீக்கிரம் கூடும்"னு சொல்லிட்டுப் போயிட்டாரு. அவருக்கென்ன, சொல்லிட்டாரு.

மாரப்பன் படுத்த படுக்கையா மோட்டு வளைய பாத்துக்கிட்டே சொன்னான், "ஏபுள்ள, எங்கம்மா ஒரு ஆட்டுக்கால் ரசம் வைக்கும் பாரு. அது குடிச்சாப் போதும், நான் எந்திரிச்சு ஓடுவேன்." அவங்கம்மா செத்துப் பல வருசம் ஆச்சு.

அந்த ஊர்ல கறிக்கடை கெடையாது. யாராச்சும் ஆடு அடிச்சா, கறியைக் கூறு போட்டு ஆளுக்கு ஒரு கூறு எடுத்துக்குவாங்க. தலையும் காலும் ஆட்டுக்காரங்களுக்கு. அப்போ மாரப்பனோட அண்ணன் வந்தாரு. அவர் பேரே பெரியண்ணன்தான். வாசல்ல நின்னாரு. கொலுச மேல ஒரு தடவை, கீழ ஒரு தடவை பாத்தாரு.

"ஞாயித்துக்கெழமை இதை அடிச்சிரலாம் பாவாயி. கால் நாலும் தம்பிக்கு."

பாவாயி கொலுசு கழுத்தைக் கட்டிப் புடிச்சுக்கிட்டா. "மாமா, வேற ஆடு பாக்கலாமுங்களா?"

"ஊர்ல மத்ததெல்லாம் சினையாடு, இல்லைன்னா பால் குடிக்கிற குட்டி. இதான் வெட்டற பருவத்துல இருக்குது. அவன் நொண்டியாப் போனாப் பரவால்லியா உனக்கு?"

தம்பி கால் கூடணும்னு அவருக்கு அக்கறை. கறி கெடைக்கும்னு அதைவிட அக்கறை. நான் சொல்லல, ஊர் அப்படித்தான் பேசிக்கிச்சு.

பாவாயி என்ன பண்ணுவா பாவம். இந்தப் பக்கம் பாத்தா புருசன் காலு, அந்தப் பக்கம் பாத்தா கொலுசு காலு. ரெண்டும் அவளுக்கு வேணும். "மூணு நாள் பொறுங்க மாமா. ஆட்டை வெட்டாமயே அந்த ரசத்தை வச்சுக் குடுக்கறேன். இவரு அம்மா வச்ச மாதிரியே இருக்குதுன்னு சொல்லிட்டா, கொலுச விட்ருங்க"ன்னா. பெரியண்ணன் அவளை ஒரு மாதிரியாப் பாத்தாரு. என்னமோ சொல்ல வந்தாரு, சொல்லல. சரின்னு தலையாட்டிட்டுப் போயிட்டாரு.

ம் எங்க? ம். சரி.

மொத நாள் பாவாயி முருங்கைக்காயப் பறிச்சா. எலும்பு மாதிரி நீட்டமா இருக்கு, உறிஞ்சிச் சாப்பிடலாம், சரியா வரும்னு நெனச்சா. மெளகு, சீரகம், பூண்டு, சின்ன வெங்காயம் எல்லாம் அம்மியில தட்டிப் போட்டு, காயைத் துண்டு துண்டா நறுக்கிக் கொதிக்க வச்சா. வாசம் தெருவுக்கே வந்துச்சு. மாரப்பன் ஒரு துண்டை எடுத்து சுர்ர்ர்னு உறிஞ்சினான். சக்கையத் துப்பினான்.

"எப்படிங்க இருக்குது?"

"நல்லாருக்குது புள்ள. முருங்கைக்கா நல்லாத்தான் இருக்கும்."

போச்சா. அவ மூஞ்சி சுருங்கிப் போச்சு.

அப்புறம் ரெண்டாம் நாளு. கருணைக்கெழங்கு வெட்டினா. வெந்தா கொழகொழன்னு ஆட்டுக்கால் ஜவ்வு மாதிரியே இருக்கும்ல? நல்ல யோசனைதான். ஆனா கருணைக்கெழங்குக்குப் புளி ஊத்தணும், இல்லைன்னா தொண்டையப் புடுங்கி எடுத்துரும். அது அவளுக்கும் தெரியும். ஆனா ஆட்டுக்கால் ரசத்துக்குப் புளி கெடையாதே, புளி போட்டா இது ஆட்டுக்கால் இல்லைன்னு கண்டுபிடிச்சிருவாரேன்னு போடாம விட்டுட்டா. மாரப்பன் ரெண்டு வாய் குடிச்சான். அவ்வளவுதான். தொண்டை கரகர, நாக்கு நமநம, கண்ணுல தண்ணி பொலபொலன்னு. புளியமரத்துல இருந்து விழுந்தவனுக்குப் புளி இல்லாமயே ஒரு அடி. "மோரு, மோரு"ன்னு கையக் கால ஆட்டினான். கால ஆட்டக் கூடாதுன்னு சொன்னாருல்ல? அதையும் ஆட்டிட்டான்.

பாவாயி அடுப்படியில போய் உக்காந்து அழுதா. கொலுசு வந்து அவ மடியில மோவாய வச்சுக்கிச்சு. அதுக்கு என்ன தெரியும், அவ சேலைத் தலைப்பை மென்னுக்கிட்டே இருந்துச்சு.

மூணாம் நாள் காலையில அவ மலையேறிட்டா. ஏன்னு கேட்டா அவளுக்கே தெரியாது. அவளுக்குத் தெரிஞ்ச காயெல்லாம் கீழ முடிஞ்சு போச்சு, மேல என்னதான் இருக்குன்னு பாக்கலாம்னு போனா. கூடவே கொலுசு. ஆட்டுக்கு மலைன்னா சொல்லணுமா? இந்தப் பாறையில இருந்து அந்தப் பாறைக்குத் தாவுது, அங்கருந்து இன்னொண்ணு. கொஞ்ச நேரத்துல ஆளையே காணோம்.

"கொலுசு... ஏ கொலுசு..."

சத்தமே இல்ல. அப்போ ஒரு பாறை இடுக்குல பாத்தா, ஐயோ, ஒரு காலு மட்டும் நீட்டிக்கிட்டுத் தெரியுது. முடியோட. ஆட்டுக்காலு. இடுக்குல விழுந்து மாட்டிக்கிச்சுன்னு நெனச்சு அவ ஓடிப்போய் ரெண்டு கையாலயும் புடிச்சு இழுத்தா. இழுத்தா பாரு, படக்குன்னு கால் தனியா கையோட வந்துருச்சு.

பாவாயி அப்படியே உக்காந்துட்டா. கையில காலு.

பயப்படாத சாமி, பயப்படாத. பின்னாடி "மே..."ன்னுச்சு. திரும்பிப் பாத்தா கொலுசு நிக்குது. ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. நாலு காலும் இருக்கு, நாலு கொலுசும் இருக்கு. அப்போ கையில இருக்கறது யாரு காலு?

பக்கத்துக் கேவுரு வயல்ல காவலுக்கு நின்ன மலைக்காரம்மா இதெல்லாம் பாத்து விழுந்து விழுந்து சிரிச்சா. "அது கெழங்கும்மா. முடவாட்டுக்கால்னு பேரு. பாறை மேல மொளைக்கும். முடியைச் சுரண்டிட்டு, தட்டிப் போட்டு ரசம் வைப்போம். காலு கைக்கு நல்லதுன்னு எங்க ஆளுங்க குடிப்பாங்க. ஆடில்லாத வீட்டுக்கு இதான் ஆட்டுக்காலு."

பாவாயி அந்தம்மா கையப் புடிச்சுக்கிட்டா. நாலே நாலு கெழங்கு பறிச்சா. ஆட்டுக்கு நாலு காலுதான, கணக்கு சரியா இருக்கட்டும்னு.

உச்சிப் பொழுதுக்கு முன்னாடி வீட்டுக்கு வந்துட்டா. கெழங்க அடுப்புத் தணல்ல வாட்டுனா, முடி சரசரன்னு பொசுங்குச்சு. சுரண்டினா, கழுவினா, வில்லை வில்லையா நறுக்கினா. அம்மியில வச்சு டொக்கு டொக்குன்னு தட்டி, மெளகு சீரகம் பூண்டு வெங்காயத்தோட பானையில போட்டா. தளபுளதளபுளன்னு ரொம்ப நேரம் கொதிச்சுச்சு. கொலுச மாத்திரம் கொல்லப்பக்கம் கட்டிப் போட்டுட்டா.

ம்? முழிச்சுத்தான் இருக்கியா? சரி.

மாரப்பன் டம்ளரை வாங்கினான். ஊதினான். ஒரு வாய் குடிச்சான். அப்படியே நிறுத்திட்டான். இன்னொரு வாய். அப்புறம் டம்ளரை நெஞ்சுல வச்சுக்கிட்டுக் கண்ண மூடிட்டான். அவன் கண்ணோரமா தண்ணி வழிஞ்சு காதுக்குள்ள போச்சு.

"இது எங்கம்மா வச்சது புள்ள. எங்கம்மா வச்சதேதான்."

பாவாயிக்கு உயிர் வந்துச்சு. ஆனா அவன் டக்குனு கண்ணத் தொறந்தான். மூஞ்சி வெளுத்துப் போச்சு. "அப்போ... கொலுச வெட்டிட்டியா? எனக்காகவா வெட்டின?"

அவ வாயத் தொறக்கறதுக்குள்ள, கட்டின கயித்த மென்னு அத்துக்கிட்டு டொக்கு டொக்குன்னு வந்துச்சு பாரு கொலுசு. நேரா கட்டில் கிட்ட வந்து, டம்ளருக்குள்ள மூக்க விட்டுச்சு. மாரப்பன் குனிஞ்சு பாத்தான். ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு.

"நாலு காலும் இங்க நிக்குதே. அப்போ நான் குடிச்சது எந்தக் காலு?"

"அது நான் சொல்றேன்"னு வாசல்ல ஒரு குரல். பெரியண்ணன். கையில பளபளன்னு வெட்டுக் கத்தி. நாளைக்குன்னு தீட்டி எடுத்துட்டு வந்தவரு, வாசத்தைப் புடிச்சுட்டு நெலப்படியிலயே நின்னுட்டாரு. உள்ள வந்து கீழ உக்காந்தாரு. "எனக்கும் கொஞ்சம் ஊத்தும்மா"ன்னாரு. குடிச்சாரு. காலி டம்ளரைக் கீழ வச்சாரு.

அப்புறம் சொன்னாரு. "நம்ம சின்ன வயசுல வீட்ல ஆடு ஏதுடா மாரப்பா? ஊர்ல ஆடு அடிச்சாக் கூறு வாங்க நமக்கு வழியில்ல. நீ அழுவ. அப்போ அம்மா என்னை மலைக்கு அனுப்பும். இந்தக் கெழங்கத்தான் பறிச்சுட்டு வருவேன். முடியை வேணும்னே அடுப்புல பொசுக்கும், நம்ம வீட்லயும் ஆட்டுக்கால்னு தெரு நெனைச்சுக்கட்டும்னு. சின்னவன் கிட்ட சொல்லிராத சாமின்னு என் தலையில கை வச்சு சத்தியம் வாங்கிச்சு. அம்மாவுக்குக் குடுத்த வாக்கு, இத்தனை வருசம் நான் சொல்லல."

"அப்புறம் ஏண்ணா கொலுச வெட்டணும்னு நின்ன?"

பெரியண்ணன் கத்தியத் தரையில வச்சாரு. "நீ பொறந்ததுலருந்து நெசமான ஆட்டுக்கால் ரசமே குடிச்சதில்லடா. உன்னை ஏமாத்திட்டமேன்னு எனக்கு ஒரு உறுத்தல். ஒரு தடவையாச்சும் நெசமானதைக் குடிக்கட்டும்னு நெனச்சேன்."

பாத்தியா. நான் கூட அவரைக் கறிக்கு அலையறவர்னு சொல்லிட்டேன். தப்புதான். ஊர் சொல்றதை எல்லாம் வாங்கிப் பேசக் கூடாது.

மாரப்பன் அண்ணன் கையப் புடிச்சுக்கிட்டான். "எனக்கு அதெல்லாம் வேண்டாண்ணா. இதையே ஊத்தச் சொல்லு"ன்னான். பாவாயி ரெண்டு பேருக்கும் ஊத்தினா. அவளும் ஒரு டம்ளர் குடிச்சா. பாத்ததே இல்லாத மாமியார் அன்னைக்குத்தான் தன் கிட்ட வந்து உக்காந்த மாதிரி இருந்துச்சாம் அவளுக்கு.

ஞாயித்துக்கெழமை வந்துச்சு. பெரியண்ணன் அதே கத்தியோட வாசல்ல உக்காந்தாரு. சரக்கு, சரக்கு, சரக்கு. என்ன பண்ணாருன்னு நெனைக்கற? கெழங்குல முடியைச் சுரண்டினாரு. விடியறதுக்கு முன்னயே மலையேறி அவரே பறிச்சுட்டு வந்துட்டாரு. கொலுசு பக்கத்துலயே நின்னு தோலைத் தின்னுச்சு.

அப்புறம் ரெண்டு மாசம் கழிச்சுக் கட்டுப் பிரிச்சாங்க. மாரப்பன் எந்திரிச்சு நின்னான். ஒரு அடி, ரெண்டு அடி, மூணு அடி. கட்டுக்காரரு என் கட்டாலதான் கால் கூடுச்சுன்னாரு. பாவாயி ரசத்தாலன்னா. கொலுசு ஒண்ணும் சொல்லல, அது பாட்டுக்கு அவன் வேட்டி நுனியத் தின்னுக்கிட்டு இருந்துச்சு.

சாமி? ம் சொல்லக் காணோமே.

சரி சரி. பானையக் கவுத்தாச்சு, அடுப்பும் ஆறிப் போச்சு, கொலுசும் நாலு காலை மடக்கிப் படுத்துருச்சு. நீயும் உன் ரெண்டு கால மடக்கிக்கோ. கதை அம்புட்டுத்தான், தூங்கு.