ஒரு சொட்டுத் தீர்த்தம்

அன்று அந்தச் சமையலறையில் இருந்தவர்கள் நான்கு பேர். வீட்டுக்காரியும் கற்றுக்கொடுப்பவளுமான டெல்பின் டீச்சர், வயது முப்பத்தாறு. காயல்பட்டினத்திலிருந்து பஸ் பிடித்து வரும் மர்யம் பீவி. எதிர்வீட்டு அமலோற்பவம். அறுபத்தொரு வயதில் கேக் வேலை படிக்க வந்த இஞ்ஞாசியம்மாள்.

கிறிஸ்துமசுக்கு ஐந்து நாள் இருந்தது.

“டீச்சர், ஏன் எனக்கு மட்டும் திரிஞ்சு போகுது?” என்றாள் இஞ்ஞாசியம்மாள்.

“எது?”

“வெள்ளைச் சாக்லேட்டு. உருக்கும்போது பால் மாதிரி வருது. கண்ணை மூடித் திறக்கதுக்குள்ள மணலாத் திரண்டிருது. வீட்டுல ஆறு வாட்டி. ஆறும் அப்படித்தான்.”

“உன் கைராசி அப்படி,” என்றாள் அமலோற்பவம். “உன் மீன் குழம்பே ரெண்டு வருஷமா வாயில வைக்க விளங்கல.”

“எக்கா, சும்மா இருங்க,” என்றாள் மர்யம் பீவி.

மேசைமேல், திராட்சையும் செர்ரியும் முந்திரியும் போட்டுச் சுட்ட கேக் ஆறிக் கிடந்தது. நாலுக்கு நாலாகப் பதினாறு துண்டு வெட்டியாகிவிட்டது. மேலே வெள்ளைச் சாக்லேட்டை ஊற்றி உறைய வைப்பதுதான் பாக்கி.

“இன்னைக்கு என் கண்ணு முன்னால உருக்குங்க,” என்றாள் டீச்சர்.

இஞ்ஞாசியம்மாள் அசையவில்லை.

“பயமா இருக்கு டீச்சர்.”

“சாக்லேட்டுக்கா?”



இஞ்ஞாசியம்மாளின் மகன் ரெமிஜியுஸ் தோணியில் போகிறவன். வெங்காயமும் கூரை ஓடும் ஏற்றிக்கொண்டு மாலத்தீவுக்குப் போய், திரும்பும்போது வெள்ளைச் சாக்லேட் கட்டி வாங்கி வருவான். “அடுத்த வாட்டி நான் வரும்போது இதை வச்சு ஏதாவது பண்ணித் தாம்மா” என்று சொல்லிவிட்டுப் போனான். அந்தப் பயணத்தில் தோணி கவிழ்ந்தது; அதில் ஏழு பேர். கரைக்கு வந்தவை இரண்டு உடல்கள். இரண்டில் ஒன்றுகூட அவனுடையது இல்லை. இது நடந்து இரண்டு வருஷம், ஒரு மாதம், பதினொரு நாள்.

“மனசுக்குள்ள ஒண்ணு வச்சிருக்கேன்,” என்றாள். “இது வழவழன்னு வந்து உறைஞ்சா அவன் இருக்கான். திரிஞ்சா இல்ல. ஆறு வாட்டி திரிஞ்சு போச்சு. இது ஏழாவது. இதுவும் திரிஞ்சா இறந்தவங்க பூசைக்கு அவன் பேரை எழுதிக் குடுத்திருவேன்.”

அமலோற்பவம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

டீச்சர் பாத்திரத்தை விரலால் தடவிப் பார்த்தாள். ஈரமில்லை. கரண்டியைத் துடைத்துக் கொடுத்தாள். இருநூறு கிராம் நிறுத்துப் போட்டார்கள். கீழ்ப்பாத்திரத்தில் வெந்நீர்; மேல்பாத்திரத்தில் சாக்லேட் இளகி, மடிந்து, பாலாகப் பரந்தது.

“அழகா வருது பெரியம்மா,” என்றாள் மர்யம் பீவி.

இஞ்ஞாசியம்மாளின் இடது கை மடிக்குப் போனது. சின்ன இருமல் மருந்துக் குப்பி ஒன்றை எடுத்தாள். உதடு அசைந்தது. குப்பியைச் சரித்து ஒரு சொட்டு விட்டாள்.

நாலு சுற்றுக் கிண்டினாள். ஐந்தாவது சுற்றில் கரண்டி இழுபட்டது. ஆறாவதில் எல்லாம் மணல்.

கரண்டியைக் கீழே வைத்தாள்.

“அவ்வளவுதான் டீச்சர்.”

“குப்பியில என்ன?”

“மாதா கோயில் தீர்த்தம். ஒவ்வொரு வாட்டியும் அவன் பேரைச் சொல்லி ஒரு சொட்டு விடுவேன்.”

“ஒரு சொட்டு ஈரம் பட்டாலும் திரியும்னு முதல் நாளே சொன்னேனே.”

“கரண்டி ஈரம் ஆகாதுன்னு சொன்னீங்க. பாத்திரம் ஈரம் ஆகாதுன்னு சொன்னீங்க. துடைச்சுத்தானே செஞ்சேன்?” இஞ்ஞாசியம்மாள் ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தாள். “தீர்த்தம் ஈரத்துல சேத்தியா டீச்சர்?”

ஒருவரும் சிரிக்கவில்லை. அமலோற்பவம்கூட.

“அப்போ நான் ஜெபம் பண்ணித்தான் கெட்டுதா?”

டீச்சர் கரண்டியை எடுத்துப் பாத்திரத்தின் ஓரத்தை வழித்தாள்.

“விடாம உருக்கியிருந்தா நல்லா வந்திருக்கும். வந்திருந்தா, அவன் இருக்கான்னு நான் நம்பியிருப்பேன். தீர்த்தம் விடாததுக்கு அவன் வருவானா? விட்டதுக்கு வரமாட்டானா?” என்றாள் இஞ்ஞாசியம்மாள். “நான் எதை நம்பட்டும், சொல்லுங்க.”

“குப்பியில மீதி எதுக்கு வச்சிருக்கீங்க?” என்றாள் டீச்சர்.

“அவன் வந்து இறங்குற அன்னைக்கு வாசல்ல தெளிக்க.”

டீச்சர் கையை நீட்டினாள்.

இஞ்ஞாசியம்மாள் தயங்கி, குப்பியைக் கொடுத்தாள்.

டீச்சர் அதைச் சின்னச் சட்டியில் கவிழ்த்தாள், ஒரு சொட்டும் மிச்சம் வைக்காமல். அடுப்பில் வைத்தாள். கொதி வந்ததும் தூக்கி, திரிந்து கிடந்த சாக்லேட்டில் அவ்வளவையும் ஊற்றினாள்.

“அடிப் பாவி! வாசலுக்கு வச்சிருந்தேனே!”

டீச்சர் கிண்டினாள். கட்டிகள் முதலில் முரண்டு பிடித்தன. பிறகு ஓரத்தில் ஒன்று விட்டுக்கொடுத்தது. பிறகு இன்னொன்று. கொஞ்ச நேரத்தில் பாத்திரம் முழுக்க வெள்ளையாக, பளபளவென்று, முகம் தெரிகிற மாதிரி நின்றது.

இஞ்ஞாசியம்மாள் மூச்சை இழுத்துக்கொண்டாள்.

“நல்லா வந்துட்டா?”

“பாருங்க. ஒரு சொட்டுக்குத் திரியும். நிறைய ஊத்தினா இளகிரும்.”

“அப்போ உறையுமா?”

“இவ்வளவு தண்ணி சேந்தா உறையாது.”

“நாளைக்கு?”

“நாளைக்கும் உறையாது. என்னைக்கும் உறையாது.”

“கெட்டுப்போச்சா?”

“கெடல.”

“நான் வழவழன்னு வந்து உறையணும்னு கேட்டேன். இல்லேன்னா திரியணும்னு கேட்டேன். இது ரெண்டும் இல்லையே. இதை என்னன்னு எடுத்துக்கிட?”

டீச்சர் பாத்திரத்தைத் தூக்கி, பதினாறு துண்டின் மேலும் ஊற்றினாள். சாக்லேட் நிற்கவில்லை. இடுக்குகளில் இறங்கி, தட்டின் ஓரம் தேடி ஓடியது.

ஒரு துண்டைக் கிண்ணியில் எடுத்து இஞ்ஞாசியம்மாள் கையில் வைத்தாள்.

“பூசைக்கு எழுதிக் குடுக்கவா, வேண்டாமா? அதையாவது சொல்லுங்க டீச்சர்.”

“கிண்ணி சாயுது. வழியுது பாருங்க.”

வழிந்தது. மணிக்கட்டுக்கு வந்துவிட்டது. இஞ்ஞாசியம்மாள் குனிந்து அதை நாக்கால் நக்கினாள். பிறகு துண்டை எடுத்துக் கடித்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். வாய் நிறைய வைத்துக்கொண்டு அழுதாள். மர்யம் பீவி பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவினாள்.

“ரொம்பத் தித்திப்பு,” என்றாள் இஞ்ஞாசியம்மாள். கிண்ணியை நீட்டினாள். “இன்னொண்ணு வைங்க.”

டீச்சர் ஒன்று எடுத்தாள். மர்யம் பீவி ஒன்று. அமலோற்பவம் ஒன்று. இஞ்ஞாசியம்மாள் அழுதுகொண்டே நான்கு தின்றாள். பூசைக்கு எழுதுவதா என்று மறுபடி கேட்கவில்லை.

தட்டில் மீதி ஒன்பது துண்டு.