செல்லாயி மீது ஓர் அவமதிப்பு வழக்கு

"அம்மா, நீதிமன்றத்தை அவமதித்தவளை எத்தனை நாள் சிறையில் வைக்கலாம்?"

நீதிபதி திருவடி உட்காருவதற்கு முன்பே கேட்டுவிட்டார்.

குன்றடி மடத்துத் துறவி அமுதவல்லி அவருடைய குரு. எந்த வழக்கில் சிக்கல் விழுந்தாலும் இங்கேதான் வருவார்.

"யார் அவமதித்தது?"

"செல்லாயி என்று ஒருத்தி. என் தீர்ப்பு உப்புக்குப் பெறாது என்று சந்தையில் நின்று கத்தினாள்."

"வழக்கில் தோற்றவளா?"

"ஜெயித்தவள்."

அமுதவல்லி நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஜெயித்தவள் ஏன் திட்டுகிறாள்?"

"பண்ணைக்காரர் வரதப்பர் மதகைத் திறந்து அவள் வயலுக்குத் தண்ணீர் விட வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னேன். அவர் இன்னும் திறக்கவில்லையாம். நாற்று கருகுகிறதாம்."

"வரதப்பர் எப்படி?"

"தங்கமான மனிதர் அம்மா. தீர்ப்பைக் கேட்டதும் எழுந்து நின்று கும்பிட்டார். என்னை வழியில் பார்த்தால் தோள் துண்டை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொள்கிறார்."

"அப்படியா? வந்தவர் வேலிப் படலைத் திறந்துபோட்டு வந்துவிட்டீர்கள். போய்ச் சாத்துங்கள், ஆடு வரும்."

"உத்தரவு அம்மா."

திருவடி குனிந்து கும்பிட்டார். கும்பிட்ட கை இறங்குமுன் மறுபடியும் செல்லாயிக்கே வந்துவிட்டார்.

"இவளை விட்டால் நாளைக்கு ஊரே பேசும்."

"படல்."

"தங்கள் சித்தம் அம்மா. நீதிமன்றத்தின் மானம் என்ன ஆவது, சொல்லுங்கள்!"

அதற்குள் ஆடு வந்துவிட்டது. கீரைப் பாத்தியில் பாதி போய்விட்டது. சமையற்கட்டிலிருந்து மடத்துச் சமையற்காரி மரகதம் மத்தும் கையுமாக ஓடி வந்தாள்.

"படலைச் சாத்தச் சொன்னது காதுல விழலையா? பெரிய மனுசராம், பெரிய மனுசர்! இன்னிக்கு உங்க தலைப்பாகையைத்தான் கடைஞ்சு ஊத்தணும்!"

திருவடியின் முகம் சிவந்தது.

"கேட்டீர்களா அம்மா? உங்கள் முன்னாலேயே என்ன பேச்சு!"

அமுதவல்லி பாத்தியைப் பார்த்தார். பிறகு அவரைப் பார்த்தார்.

"நீங்கள் நன்றாகக் கும்பிட்டீர்கள்," என்றார்.

 

திருவடி எழுந்து போய் ஆட்டை விரட்டினார். வெளியே வந்து படலை இழுத்துச் சாத்தினார்.

நீதிமன்றச் சேவகர் அங்கே காத்திருந்தார்.

"உத்தரவானதுங்களா ஐயா? போய் அந்த செல்லாயியை இழுத்துட்டு வந்துடறேன்."

"வரதப்பரை அழைத்து வா."

சேவகர் திகைத்து நின்றார்.

"அவர் உங்களை ஒரு வார்த்தை தப்பாப் பேசினது இல்லைங்களே ஐயா!"

"இனிமேல் பேசுவார்," என்றார் திருவடி. "பேசட்டும். மதகு திறந்தால் போதும்."